கணினி ஏற்க மறுத்த கட்டடம்

சென்ற வருஷம் ஆடி மாதத்து ஞாயிற்றுக்கிழமையொன்றில், தாராவித் தொண்ணூறடிச் சாலையில் கணுக்கால் அளவுக்கு மழைநீர் தேங்கிக் கிடந்த பிற்பகல் வேளையில், பொறியியல் பட்டம் பெற்று இரண்டு வருஷமே ஆன ஓர் இளைஞர், மடிக்கணினியைப் பிளாஸ்டிக் பையில் சுற்றி மார்போடு அணைத்துக்கொண்டு, என் அறைக்கு வரும் செங்குத்தான இரும்புப் படிகளில் ஏறி வந்தார். பாட்டனார் காலத்தில் திருநெல்வேலிச் சீமையிலிருந்து தோல் பதனிடும் வேலைக்காக இங்கே வந்து தங்கிவிட்ட குடும்பம் அவருடையது. செம்பூரில், கட்டடங்களின் பலத்தைக் கணக்கிட்டுத் தரும் அலுவலகமொன்றில் வேலை பார்க்கிறார். உட்கார்ந்ததும், "சார், காலையிலேருந்து பாக்கேன், ஃபைலை எடுக்கவே மாட்டேங்குது. இன்வாலிட் இன்புட்டுன்னு ஒரே பாட்டா பாடுது. முப்பத்தஞ்சு எரர் காட்டுது சார்" என்றார். மறுநாள் காலையில் கணக்கை ஒப்படைத்தாக வேண்டும் என்ற கவலை முகத்தில் அப்பட்டமாகத் தெரிந்தது.

அன்று மாலை வரை நாங்கள் இருவரும் அந்தக் கோப்போடு போராடிய கதையை இங்கே எழுத முன்வந்ததற்குக் காரணம், அதில் அடங்கியுள்ள விஷயம் பொறியாளர்களுக்கு மட்டும் உரியதன்று என்று நான் மனமார நம்புவதே. இன்று நகரங்களில் எழும்பும் மாடிக் கட்டடங்களில் மிகப் பெரும்பாலானவை, செங்கல்லும் சிமென்டும் ஆவதற்கு முன்னால், எழுத்தும் எண்ணுமான ஒரு கோப்பாக இருந்திருக்கின்றன. அந்தக் கோப்பில் என்ன எழுதியிருந்ததோ அதற்கேற்பவே தூணின் பருமனும் கம்பியின் எண்ணிக்கையும் நிர்ணயிக்கப்பட்டு, அந்தத் தூணின் நிழலில் நாம் பாய் விரித்துப் படுக்கிறோம்.

கணினிக்குக் கட்டடம் என்றால் என்னவென்று தெரியாது. அதற்கு நாம் சொல்லக்கூடியதெல்லாம், வெளியில் இன்ன இடத்தில் ஒரு புள்ளி இருக்கிறது, இந்தப் புள்ளியையும் அந்தப் புள்ளியையும் ஒரு கோடு இணைக்கிறது, அந்தக் கோட்டுக்கு இவ்வளவு அகலம் இவ்வளவு உயரம், அது இன்ன பொருளால் ஆனது, அதன் மேல் இவ்வளவு பாரம், அடியில் இந்தப் புள்ளிகள் நிலத்தைப் பற்றி நிற்கின்றன என்பவைதாம். புள்ளியை ஜாயின்ட் என்றும் கோட்டை மெம்பர் என்றும் இத்தொழிலில் சொல்வார்கள். ஒவ்வொரு ஜாயின்ட்டும் மூன்று திசைகளில் நகரலாம், மூன்று அச்சுகளைச் சுற்றித் திரும்பலாம். ஆகவே முந்நூறு ஜாயின்ட்கள் உள்ள சாதாரணக் கட்டடத்துக்குக்கூட ஏறத்தாழ 1,800 சமன்பாடுகளை ஒருசேரத் தீர்த்தாக வேண்டும். ஹார்டி கிராஸ் என்ற அமெரிக்கப் பேராசிரியர் 1930இல் வெளியிட்ட திருப்பப் பங்கீட்டு முறையைக் கொண்டு, ஒரு சட்டகத்தை வாரக்கணக்கில் பென்சிலால் கணக்கிட்ட தலைமுறையினருக்கு, இந்த ஆயிரத்தெண்ணூறையும் ஒரு நொடியில் தீர்க்கும் யந்திரம் ஓர் அற்புதமாகவே தோன்றியிருக்கும். ஆனால் அந்த யந்திரம், எழுதியதை மட்டுமே படிக்கும். எழுத நினைத்ததை அது படிக்காது.

நம்முடைய தொல்காப்பியம் மொழியை எழுத்து, சொல், பொருள் என்று மூன்று அதிகாரங்களாக வகுத்துக்கொண்டது. கோப்பைக் கணினி படிக்கும் முறையை இத்தனை பொருத்தமாக விளக்கும் வேறொரு பாகுபாட்டை நான் கண்டதில்லை. முதலில் அது எழுத்துகளைப் பார்க்கிறது: இது எண்ணா, குறியா, எழுத்தா என்று. அடுத்து அந்த எழுத்துகள் சேர்ந்த சொற்றொடர் தன் இலக்கணத்துக்கு இசைந்து நிற்கிறதா என்று பார்க்கிறது. இந்த இரண்டிலும் வழு கண்டால் கோப்பைத் திருப்பி அனுப்பிவிடுகிறது. மூன்றாவதாகிய பொருளை மட்டும் அது ஏறெடுத்தும் பார்ப்பதில்லை. எங்களுடைய அன்றைய மாலைப்பொழுதின் சிரமமெல்லாம் இந்த மூன்றாவதில்தான் வந்து முடிந்தது.

முப்பத்தைந்து பிழைகள் என்று கேட்டவுடன் மலைத்துப்போவது இயல்பு. இளைஞரும் பட்டியலின் கடைசியிலிருந்து தொடங்கி, கண்ணில் பட்டதையெல்லாம் மாற்றிப் பார்த்துக் களைத்திருந்தார். "தம்பி, கடைசி எரரை விடு. முதல் எரர் எந்த வரியில்னு சொல்லு" என்றேன். 63ஆம் ஜாயின்ட் எழுதப்பட்டிருந்த வரி அது. தரைத்தளமும் ஏழு மாடிகளும் கொண்ட அந்தக் கட்டடத்தில், இரண்டாம் மாடி பால்கனியின் மூலைப் புள்ளி. கட்டடத்தின் மூலையை ஆதியாக வைத்துக்கொண்டால் பால்கனி அதற்கு வெளியே ஒன்றரை மீட்டர் நீட்டிக்கொண்டிருப்பதால், அதன் முதல் எண் எதிர்மறை. வரியில் இருந்தது இவ்வளவுதான்:

63 –1.5 6.4 9.0

வாசகர் எத்தனை முறை பார்த்தாலும் இதில் குற்றம் காணமாட்டார். இளைஞரும் காலையிலிருந்து காணவில்லை. கட்டடக் கலைஞர் ஒரு சொற்செயலியில் தட்டெழுதி அனுப்பிய அட்டவணையிலிருந்து, மாடிக்கு ஒன்றாக ஏழு பால்கனிப் புள்ளிகளை அவர் அப்படியே நகலெடுத்து ஒட்டியிருந்தார். சொற்செயலிகளுக்கு அழகுணர்ச்சி உண்டு. சிறு கோட்டைச் சற்று நீட்டி அச்சுக்கூடத்து நீண்ட கோடாக மாற்றிவிடும் பழக்கம் அவற்றில் பலவற்றுக்கு இருக்கிறது. நம் கண்ணுக்கு இரண்டும் கோடு. கணினிக்கோ விசைப்பலகையில் உள்ள கழித்தல் குறி 45 என்ற ஒரே எண். நீண்ட கோடு, இன்று வழங்கும் யூனிகோட் முறையில், 226, 128, 147 என்ற மூன்று எண்களின் கோவை. எண் இருக்க வேண்டிய இடத்தில் இன்னதென்று அறியாத மூன்று உருக்களைக் கண்ட யந்திரம், அந்த வரியைப் படிக்காமல் ஒதுக்கியது. ஏழு வரிகள் இவ்விதம் ஒதுக்கப்பட்டதனால் ஏழு ஜாயின்ட்கள் பிறக்கவே இல்லை. ஒவ்வொன்றிலும் வந்து சேரும் இரண்டு பீம்கள், ஆகப் பதினான்கு, ஒரு முனையில்லாமல் அந்தரத்தில் நின்றன. அந்தப் பதினான்கின் மேல் ஏற்றியிருந்த பாரங்கள் பதினான்குக்கும் இடமில்லாமல் போயிற்று. ஏழும் பதினான்கும் பதினான்கும் முப்பத்தைந்து. காலையிலிருந்து அவரை அலைக்கழித்த அத்தனை பிழைகளும் ஒரு சிறு கோட்டின் சந்ததி.

முதல் பிழையைப் பார் என்று சொல்வதன் நியாயம் இதுவே. பின்னால் வரும் பிழைகளில் பல, முன்னால் வந்த ஒன்றின் எதிரொலிகள். ஒன்றைத் திருத்தி, மறுபடி ஓட்டி, எஞ்சியதைப் பார்ப்பதே முறை.

உருவம் வேறு, உள்ளே பதிந்திருக்கும் எண் வேறு என்பது தமிழ் வாசகர்களுக்குப் புதிய செய்தியாக இராது. யூனிகோட் பரவுவதற்கு முன்பு, பாமினி போன்ற எழுத்துருக்களில் தட்டெழுதிய கலியாணப் பத்திரிகையை, அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தவர்கள், மணமகன் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் பொருளற்ற ஆங்கில எழுத்துகள் சிதறிக் கிடப்பதைக் கண்டு திகைத்திருப்பார்கள். உள்ளே இருந்த எண்கள் மாறவில்லை. அவற்றுக்குப் போர்த்தியிருந்த உருவம் மட்டும் மாறிவிட்டது. மும்பையில் வாழும் நமக்கு இன்னுமோர் இடர் உண்டு. மராத்தி இலக்கத்தில் எழுதிய பஸ் எண்ணை நாம் தயக்கமின்றிப் படித்து ஏறிவிடுகிறோம். மூன்று லிபிகளுக்கிடையே பழகிய கண், ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குத் தாவியதையே உணர்வதில்லை. தேவநாகரிச் சுழியமும், நாம் வழக்கமாக எழுதும் சுழியமும், ஆங்கிலத்தின் ஓ எழுத்தும் பார்வைக்கு உடன்பிறப்புகள். கணினிக்குள் முதலாவது 224, 165, 166, இரண்டாவது 48, மூன்றாவது 79. கைப்பேசியில் மராத்தி விசைப்பலகையை மாற்ற மறந்து அனுப்பிய ஓர் எண், அவசரமாக ஒட்டப்பட்டால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. வெற்றிடத்திலும் இரண்டு வகை உண்டு: இடைவெளிப் பட்டையைத் தட்டினால் வருவது 32, வலைப்பக்கங்களிலிருந்து நகலெடுக்கும்போது ஒட்டிக்கொண்டு வரும் பிரியா இடைவெளி 194, 160. சில எழுதுசெயலிகள் கோப்பின் தலையில் 239, 187, 191 என்று கண்ணுக்குத் தெரியாத முத்திரையைக் குத்திவிடுவதால், முதல் வரியின் முதல் சொல்லையே பழைய மென்பொருள் ஏற்காது. அந்தச் சொல்லை எத்தனை முறை உற்றுப் பார்த்தாலும் பயனில்லை.

இங்கே தாராவியின் பதின்மூன்றாம் காம்பவுண்டில் பழைய பிளாஸ்டிக்கைத் தரம் பிரிக்கும் பெண்களின் வேலையைப் பார்த்தவர்களுக்கு இந்த விஷயம் எளிதில் விளங்கும். துண்டுகளைத் தண்ணீரில் போட்டால் வாளி, மூடி முதலியவற்றின் பிளாஸ்டிக் மிதக்கும். குளிர்பானப் போத்தலின் பிளாஸ்டிக் அமிழும். ஆனால் குழாய்க்குப் பயன்படும் பி.வி.சி.யும் அமிழத்தான் செய்யும், அதன் அடர்த்தி போத்தலின் அடர்த்திக்கு அவ்வளவு கிட்டத்தில் இருப்பதால். நீர்ச் சோதனை இந்த இரண்டையும் பிரிக்காது. பிரியாமல் போன சில பி.வி.சி. துண்டுகள், உருக்கும் வேளையில் அந்தச் சரக்கையே கெடுத்துவிடும். அதனால் அங்கே கையும் கண்ணும் வேறு அடையாளங்களைத் தேடுகின்றன. கோப்பிலும் கண் என்ற சோதனை போதாதபோது வேறு சோதனை வேண்டும். எழுத்துகளை எண்ணாகக் காட்டும் எழுதுசெயலியில் திறந்து பார்ப்பது ஒன்று, சந்தேகமான வரியை முழுதும் அழித்துவிட்டுக் கையால் மீண்டும் தட்டெழுதுவது மற்றொன்று. இரண்டாவது வழி எளியது. நான் அதையே விரும்புவேன்.

பிழை எந்த வரியில் என்றே யந்திரம் சொல்லாமல், கோப்பு செல்லாது என்று மட்டும் சொல்லி நிறுத்திக்கொள்ளும் சந்தர்ப்பங்களும் உண்டு. அப்போது கோப்பைப் பாதியாக வெட்டிப் பார்க்க வேண்டும். ஒவ்வொரு முறையும் பாதியை நீக்கிக்கொண்டே போனால், இரண்டாயிரம் வரிகளுள் ஒளிந்திருக்கும் ஒரு பிழையைப் பதினொரு சோதனைகளுக்குள் பிடித்துவிடலாம். இரண்டைப் பதினொரு தடவை பெருக்கினால் 2,048 அல்லவா? ஆயினும் கட்டடக் கோப்பை நினைத்த இடத்தில் வெட்டலாகாது. ஜாயின்ட் இல்லாமல் மெம்பர் இல்லை, மெம்பர் இல்லாமல் பாரம் இல்லை. ஆகையால் வாலிலிருந்து வெட்ட வேண்டும்: முதலில் பாரங்களை எடுத்துவிட்டு ஓட்டுவது, பிறகு குறுக்களவுகளை எடுத்துவிட்டு ஓட்டுவது என்றபடி. வெட்டுவதற்கு முன்னால் மூலத்தின் பிரதியொன்றைத் தனியே வைத்துக்கொள்ள வேண்டும். இந்த இடத்தில் இளைஞரிடம், "பிரதி எடுத்து வச்சிருக்கியா?" என்று நான் கேட்டேன், "இல்ல சார், அதே ஃபைல்லதான் மாத்திக்கிட்டு இருந்தேன்" என்றார். அதன் விளைவை அப்போது இருவருமே உணரவில்லை.

இவ்வளவு கண்டிப்பான இலக்கணம் கோப்புகளுக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்கலாம். வந்தது காகிதத்திலிருந்து. இதே பம்பாயில், டாட்டா ஆதார ஆராய்ச்சி நிலையத்தில், சென்னையில் பிறந்த ஆர். நரசிம்மன் தலைமையில் உருவாகி 1960இல் முழுமையாக இயங்கத் தொடங்கிய கணினிக்கு, 1962இல் ஜவாஹர்லால் நேரு டிஃப்ராக் என்று நாமகரணம் செய்தார். துளையிட்ட காகித நாடாவின் மூலமாகவே அது கணக்குகளை உட்கொண்டது. 1964இல் அதே நிலையத்துக்கு வந்த சி.டி.சி. 3600 என்ற பெரிய யந்திரத்தை நாடி, பல ஊர்களிலிருந்து ஆராய்ச்சியாளர்கள் தங்கள் கணக்குகளைத் துளையட்டைகளாகக் கொண்டுவந்தார்கள். ஓர் அட்டைக்கு எண்பது பத்திகள். ஒரு பத்தியில் ஓர் எழுத்து. எண் தனக்குரிய பத்திகளை விட்டு ஓரிடம் தள்ளி விழுந்தாலும் பத்து நூறாகும், நூறு பத்தாகும். அமெரிக்க விண்வெளி நிறுவனமாகிய நாசா 1960களில் உருவாக்கிய நாஸ்ட்ரான் என்ற பகுப்பாய்வு நிரல், அந்த எண்பது பத்திகளைத் தலைக்கு எட்டாகப் பத்துப் புலங்களாகப் பங்கிட்டுக்கொண்டது. அட்டைகள் மறைந்து பல பத்தாண்டுகள் சென்ற பின்னும், அதன் கோப்புகளில் அந்த எட்டெழுத்துப் புலங்கள் இருந்துவருகின்றன. கோப்பை இன்றும் அட்டைக்கட்டு என்றே அத்துறையினர் அழைக்கிறார்கள். தசமப் புள்ளியுள்ள எண்ணை எதிர்பார்க்கும் புலத்தில் 5 என்று மட்டும் எழுதினால் அது ஏற்காது, 5.0 என்றோ, புள்ளியோடு 5. என்றோ எழுத வேண்டும்.

பொறியாளர் பேசும் சொற்களிலேயே கோப்பை எழுத வழி செய்தவர்களில் முன்னோடி என்று ஸ்டீவன் ஃபென்வெஸைச் சொல்லலாம். மாசச்சூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் அவரும் அவருடைய குழுவினரும் ஆக்கிய ஸ்ட்ரெஸ் என்ற நிரலின் கையேடு 1964இல் வெளிவந்தது. பத்திகளை எண்ணிக்கொண்டிராமல், ஜாயின்ட் கோஆர்டினேட்ஸ் என்று தலைப்பிட்டுப் புள்ளிகளையும், மெம்பர் இன்சிடென்சஸ் என்று தலைப்பிட்டுக் கோடுகளையும், லோடிங் என்று சொல்லிப் பாரங்களையும் எழுதிக்கொண்டு போகலாம் என்றாயிற்று. நம் நாட்டு அலுவலகங்களில் வெகுவாகப் புழங்கும் ஸ்டாட் மென்பொருளின் கோப்பைத் திறந்து பார்ப்பவர்கள், அந்தப் பழைய மொழியின் சாயலை இன்றும் காணலாம்.

இனி எங்கள் கோப்புக்குத் திரும்புகிறேன். ஏழு வரிகளையும் இளைஞர் கையால் திருத்தினார். ஓட்டினோம். முப்பத்தைந்தும் மறைந்து புதிதாக ஒன்று தோன்றிற்று. இது எழுத்து வழுவன்று, சொல் வழு. நீண்ட பட்டியலொன்று ஒரு வரியில் அடங்காமல் அடுத்த வரிக்குப் போகும்போது, தொடரும் என்பதற்கு அடையாளமாக வரியின் இறுதியில் ஒரு சிறு கோடு இட வேண்டும் என்பது அந்த மென்பொருளின் விதி. கோடு இல்லாததால் இரண்டாம் வரி தலையற்ற உடலாக நின்றது. அதைத் திருத்துவதற்கு ஒரு நிமிஷம் ஆயிற்று. மறுபடி ஓட்டினோம். பிழை பூஜ்யம் என்று வந்தது.

"ஓடிடுச்சு சார்!" என்று அவர் எழுந்தே விட்டார். உட்காரச் சொன்னேன். பிழையில்லை என்று யந்திரம் சொல்வதற்கு, உன் வாக்கியங்கள் என் இலக்கணத்துக்கு உட்பட்டவை என்பதற்கு மேல் அர்த்தம் கிடையாது. கல் பாலைக் குடித்தது என்பதும் இலக்கணப்படி குற்றமற்ற வாக்கியந்தானே?

முதலில் கட்டடத்தின் உருவத்தைத் திரையில் வரவழைத்து மெல்லத் திருப்பிப் பார்த்தோம். ஐந்தாம் மாடியில் மட்டும் பால்கனி வெளியே நீளாமல் வீட்டுக்குள்ளே ஒன்றரை மீட்டர் புகுந்திருந்தது. நீண்ட கோடுகளை அழித்துச் சிறு கோடுகளை இட்ட வேகத்தில், ஒரு வரியில் அழித்ததோடு நின்றுவிட்டார், –1.5 என்பது 1.5 ஆயிற்று. குறியின் உருவம் பிழைபட்டிருந்தபோது உரக்கக் கூவிய யந்திரம், குறியே இல்லாமல் போனபோது வாய் திறக்கவில்லை.

அடுத்து, திரையை மூடிவிட்டு ஒரு காகிதத்தை எடுத்தோம். மாடிக்கு ஏறத்தாழ 220 சதுர மீட்டர். மொட்டை மாடியையும் சேர்த்து எட்டுத் தளங்கள். கான்கிரீட் குடியிருப்புகளில் தளத்துக்குச் சதுர மீட்டர் ஒன்றுக்குப் பத்து முதல் பன்னிரண்டு கிலோநியூட்டன் பாரம் என்பது அனுபவஸ்தர்கள் மனத்தில் வைத்திருக்கும் கணக்கு. பதினொன்று என்று வைத்துப் பெருக்கினால் 19,360. இத்தனை பாரமும் கடைசியில் நிலத்தில் இறங்கியாக வேண்டும். யந்திரம் தந்த அஸ்திவார எதிர்விசைகளைக் கூட்டினோம்: பதின்மூவாயிரத்துக்குச் சற்று மேல். ஆறாயிரம் கிலோநியூட்டன் எங்கே?

இளைஞர் பாரங்களின் பகுதியை வரிவரியாகப் படித்துக்கொண்டு வந்தார். ஓரிடத்தில் நிறுத்தி, வெகு நேரம் மௌனமாக இருந்தார். பீம்களும் தூண்களும் தம் எடையைத் தாமே சுமக்க வேண்டும் என்று சொல்லும் ஒற்றை வரி அங்கே இருந்தது. ஆனால் அதன் முன்னால் ஒரு நட்சத்திரக் குறி. நட்சத்திரம் இட்ட வரியை வெறும் குறிப்பு என்று கருதி யந்திரம் தாண்டிப் போய்விடும். காலையில் பிழை எங்கே என்று தேடும் பரபரப்பில், ஒருவேளை இந்த வரியாக இருக்குமோ என்று அவரே அதற்கு நட்சத்திரமிட்டு ஓட்டிப் பார்த்திருக்கிறார். பிறகு எடுக்க மறந்துவிட்டார். "நான்தான் சார் போட்டேன்" என்று தாழ்ந்த குரலில் சொன்னார். மூலப் பிரதி ஒன்று தனியே இருந்திருந்தால், இரண்டையும் ஒப்பிட்டு வேற்றுமையைக் காட்டும் சிறு நிரல் ஒன்று அரை நிமிஷத்தில் அந்த நட்சத்திரத்தைச் சுட்டிக் காட்டியிருக்கும்.

பிழைச் செய்தியை மௌனமாக்குவதே நோக்கமாகிவிட்டால், ஏற்கத்தகாத கோப்பு ஏற்கத்தக்கதாக மாறும்போதே உண்மையான கட்டடம் பொய்யான கட்டடமாக மாறிவிடுகிறது. நான் அறிந்த வரையில், பயிலும் பருவத்தில் உள்ளவர்களை மிகுதியாகக் கவிழ்ப்பது இதுதான். ஒரு ஜாயின்ட்டை எதனோடும் இணைக்காமல் விட்டுவிட்டால் அதன் சமன்பாட்டில் சுழியம் விழுந்து கணக்கு தீராது. ஸ்டாட் போன்ற மென்பொருளோ, மிக மெலிந்த கற்பனை ஸ்பிரிங் ஒன்றை அந்த இடத்தில் தானே பொருத்தி, பொருத்தியதை அறிக்கையில் ஒரு வரியில் தெரிவித்துவிட்டு மேலே போய்விடுகிறது. அந்த வரியைப் படிக்கிறவர்கள் எத்தனை பேர்? ஒரு மென்பொருளில் வானத்தை நோக்கிய அச்சு ஒய், மற்றொன்றில் இசட்; ஒன்றின் கோப்பை மற்றொன்றில் ஏற்றினால் கட்டடம் பக்கவாட்டில் படுத்துக்கொள்ளும். மும்பைக்கு விதிக்கப்பட்ட அடிப்படைக் காற்று வேகம் நொடிக்கு 44 மீட்டர், சென்னைக்கு 50. பழைய மும்பைக் கோப்பைப் பெயர் மாற்றிச் சென்னைக் கட்டடத்துக்கு எடுத்தாண்டால் 44ஐ யாரும் தடுக்கப்போவதில்லை.

அலகுகளின் குழப்பம் இவற்றினும் சூட்சுமமானது. நம் நாட்டு விதிநூலின்படி எம்-25 தரக் கான்கிரீட்டின் மீள்மைக் குணகம் சதுர மில்லிமீட்டருக்கு 25,000 நியூட்டன். அதையே கிலோநியூட்டனும் மீட்டருமாக எழுதினால் இரண்டரைக் கோடி. கோப்பின் தலையில் கிலோநியூட்டன், மீட்டர் என்று அறிவித்துவிட்டுக் குணகத்துக்கு 25,000 என்றே எழுதிவிட்டால், கான்கிரீட் ஆயிரம் மடங்கு இளகிவிடும். ஐந்து மில்லிமீட்டர் தொய்ய வேண்டிய பீம் ஐந்து மீட்டர் தொய்யும். ஆச்சரியம் என்னவென்றால், எல்லா உறுப்புகளும் ஒரே சீராக இளகுவதனால், அவை தமக்குள் பாரத்தைப் பங்கிட்டுக்கொள்ளும் விகிதம் மாறுவதில்லை. வளைதிருப்பங்களும் வெட்டுவிசைகளும் சரியாகவே வரும். கம்பிக் கணக்கை மட்டும் பார்க்கிறவருக்குச் சந்தேகம் எழவே வழியில்லை. தொய்வைப் பார்ப்பவருக்கு ஒரு கணத்தில் புலப்பட்டுவிடும்.

இலக்கண வழு ஒன்றும் இல்லாத கோப்பு செய்யக்கூடிய நாசத்துக்கு நார்வே நாட்டு ஸ்லைப்னர் மேடையே சாட்சி. கடலடி எரிவாயு வயலுக்காகக் கட்டிய அந்தப் பிரம்மாண்டமான கான்கிரீட் அடித்தளம், 1991 ஆகஸ்ட் 23ஆம் தேதி, ஸ்டவாங்கர் நகருக்கு அருகில் உள்ள கடற்கழியில் ஆழ்த்திச் சோதித்துக்கொண்டிருந்தபோது, சுவர் பிளந்து நீர் புகுந்து அடியில் போய்ச் சிதறியது. நாஸ்ட்ரானுக்குக் கொடுத்த கோப்பை அது மறுக்கவில்லை. கணக்கு ஓடியது, விடை வந்தது. ஆனால் சுவர்கள் கூடும் முக்கோண அறைகளை மிகப் பெரிய, கோணலான கட்டங்களாகப் பிரித்து எழுதியிருந்ததால், அங்கே வெட்டுவிசை 47 சதவீதம் குறைவாக வந்திருந்தது. சில சுவர்கள் மெலிந்துபோயின, கம்பிகளும் போதிய நீளத்துக்கு இடப்படவில்லை. விபத்துக்குப் பின் நுட்பமாகக் கணக்கிட்டபோது 62 மீட்டர் ஆழத்தில் உடையும் என்று விடை வந்தது. அது உடைந்தது 65 மீட்டரில்.

நட்சத்திரத்தை எடுத்துவிட்டு ஓட்டினோம். எதிர்விசைகளின் கூட்டுத்தொகை 19,100க்கு அருகில் வந்து நின்றது. வெளியே மழை சற்று ஓய்ந்திருந்தது. கீழே கடைக்காரர் ஒருவர் விளக்குமாற்றால் தண்ணீரைச் சாலைக்குத் தள்ளும் சத்தம் கேட்டது. இளைஞர் கோப்பை மூடப்போகும் நேரத்தில், சப்போர்ட் பகுதியில் இருந்த ஒரு சொல் என் கண்ணில் பட்டது: தூண்களின் அடியில் உள்ள அத்தனை புள்ளிகளுக்கும் ஃபிக்ஸ்டு என்று எழுதியிருந்தது. அசையாது, திரும்பாது, அமிழாது என்று அந்த ஒரு சொல் சாதிக்கிறது. பாறையின் மேல் நிற்கும் கட்டடத்துக்கு அது ஓரளவு பொருந்தும். இந்தக் கட்டடம் வரப்போவதோ மித்தி ஆறு மாஹிம் கழியில் கலக்கும் பக்கத்தில், ஒரு காலத்தில் அலையாத்திச் சேறாகக் கிடந்து, கோலி மீனவர்கள் வலை உலர்த்திய கரையை ஒட்டி, தலைமுறை தலைமுறையாக மண்ணும் குப்பையும் கொட்டி மேடாக்கிய நிலத்தில். "மண் பரிசோதனை ரிப்போர்ட் வந்திருக்கா?" என்று கேட்டேன். வந்திருந்தது, மின்னஞ்சலில், பிரிக்கப்படாமல்.

பிரித்தோம். முதல் துளையின் பதிவில், மேலே கொட்டிய மண், அதற்குக் கீழே மீட்டர் மீட்டராகக் கருநிறக் கடற்களிமண், அதற்கும் கீழே சிதைந்த பாறை. ஆழத் தூண் அஸ்திவாரம் இட வேண்டும் என்று எழுதி, அது பாரத்தில் எவ்வளவு இறங்கிக் கொடுக்கும் என்பதற்கு ஸ்பிரிங் மதிப்புகளையும் பட்டியலிட்டிருந்தார்கள். இளைஞர் ஃபிக்ஸ்டு என்ற சொல்லின் மேல் கை வைத்தார். வைத்த கையை எடுத்துவிட்டு, கோப்பை வேறொரு பெயரில் பிரதியெடுத்துச் சேமித்தார். பிறகு அறிக்கையின் பட்டியலைத் திரையில் பெரிதாக்கி, முதல் எண்ணைப் படித்தார். தட்டெழுதவில்லை. பட்டியலின் தலைப்பை மேலும் கீழுமாகத் தேடிவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"சார், இது டன்னுல போட்டிருக்காங்களா, கிலோநியூட்டன்லயா? மீட்டருக்கா, சென்டிமீட்டருக்கா?"